ஸ்டூலக்காவும் பத்தாவது கட்டமும்

ஸ்டூலக்காவுக்கு அந்தப் பெயர் வந்ததில் பெரிய கதை எதுவும் இல்லை. பெரியாஸ்பத்திரியில் எந்த டாக்டர் அறைக்குப் போனாலும் அவருடைய இரும்பு ஸ்டூலும் கூடவே போகும். டாக்டருக்கு நாற்காலி உண்டு, நோயாளிக்குப் பெஞ்சு உண்டு, நடுவில் உட்காருகிறவருக்கு என்று அரசாங்கம் எதையும் வாங்கித் தரவில்லை. கிடங்கில் கால் ஆடிக் கிடந்த ஒன்றை எடுத்துவந்து, வெல்டிங் பட்டறை வைத்திருக்கும் தன் கணவரிடம் கொடுத்துப் பற்றவைத்துக்கொண்டார். ஆணையில் இருக்கும் பதவிப் பெயர் ‘மொழி உதவியாளர்’. அதைச் சொல்லிக் கேட்டால் வாசல் காவலாளிக்குக்கூடத் தெரியாது. ஸ்டூலக்கா எங்கே என்றால் மூன்று பேர் கை காட்டுவார்கள்.

ரயில் பாதைக்கு அந்தப் பக்கத்துத் தெருக்களில் வேறொரு மொழி பேசும் மக்கள் மூன்று தலைமுறையாக இருக்கிறார்கள். அக்காவும் அவர்களில் ஒருவர். கடைக்கும் பஸ்ஸுக்கும் போதுமான அளவு எங்கள் மொழி அவர்கள் எல்லாருக்கும் தெரியும். பலர் எங்களைவிட நன்றாகவே பேசுவார்கள். ஆனால் நோய் வேறு விஷயம். வயிறு வலிக்கிறது என்று சொல்லிவிடலாம்; அது எரிகிறதா, பிசைகிறதா, விட்டு விட்டு வருகிறதா என்று டாக்டர் கேட்கும்போது, வலியோடு இருப்பவருக்குக் கடைப் பேச்சு கைகொடுக்காது. அப்போது நோயாளி அக்காவின் காதோரம் குனிந்து மெதுவாகச் சொல்வார். அக்கா நிமிர்ந்து டாக்டரிடம் சொல்வார்.

சொல்லும்போது ‘இவருக்கு வலிக்கிறதாம்’ என்று சொல்ல மாட்டார். நோயாளி ‘நான்’ என்றால் அக்காவும் ‘நான்’தான். புதிதாக வந்த பயிற்சி டாக்டர் ஒருவரிடம், “எனக்கு ஒரு வாரமா விதைப்பையில வீக்கம் இருக்கு டாக்டர்” என்று இந்த நடுவயதுப் பெண் கூசாமல் சொல்ல, அவர் பேனாவைக் கீழே போட்டுவிட்டாராம். பக்கத்தில் வேட்டியைப் பிடித்துக்கொண்டு ஒருவர் நெளிந்துகொண்டிருந்ததைப் பார்த்த பிறகுதான் அவருக்கு மூச்சு வந்ததாம்.

டாக்டர் பேச்சையும் அப்படியேதான் மாற்றுவார். மாத்திரையை நிறுத்திவிட்டு வந்த ஒருவரைப் பார்த்து ஒரு பெரிய டாக்டர், “இந்த ஆளுக்கு மண்டையில ஏதாவது இருக்கா?” என்று தனக்குள் முனகினார். அக்கா அதையும் ஒரு சொல் குறையாமல் அவரிடம் சொல்லிவிட்டார். அந்த மனிதரின் முகம் செத்துப்போயிற்று. டாக்டர் பதறினார்.

“அதை எதுக்கும்மா அவர்கிட்ட சொல்றீங்க?”

“நீங்க சொன்னீங்களே டாக்டர். எதைச் சொல்லணும், எதை விடணும்னு நானா முடிவு பண்ண ஆரம்பிச்சா, அப்புறம் வைத்தியத்தையும் நானே பாத்துட வேண்டியதுதான்.”

அன்றிலிருந்து அக்கா இருக்கும் அறையில் டாக்டர்கள் கொஞ்சம் நாக்கை அடக்கிப் பேசினார்கள்.

இதையெல்லாம் சிரித்துக்கொண்டே சொல்லலாம். எல்லாவற்றையும் அப்படிச் சொல்ல முடியாது. ‘நான் பிழைச்சுக்குவேனா டாக்டர்?’ என்று அவர் தன் வாயால் கேட்டது எத்தனை தடவை என்று அவருக்கே கணக்கில்லை. ‘எங்களால காப்பாத்த முடியலை’ என்று வராந்தாவில் நின்றவர்களிடம் சொன்னதும் அவர் வாய்தான். அந்தப் பக்கத்துத் தெருக்களில் அவர் ஒரு வீட்டுக் கதவைத் தட்டினால், திறக்கும் முன்பே உள்ளே அழ ஆரம்பித்துவிடுவார்களாம். அதனால் கொத்தமல்லி கேட்டுப் போகும் நாளில்கூட, ‘ஒண்ணுமில்லை, சும்மாதான் வந்தேன்’ என்று வாசலிலிருந்தே சத்தமாகச் சொல்லிவிட்டு அப்புறம்தான் தட்டுவாராம்.

இந்த வேலைக்கு அவர் வந்தது வார்டு கூட்டுகிற வேலையிலிருந்து. இருபத்து நான்கு வயதில் துடைப்பமும் வாளியுமாகச் சேர்ந்தார். சேர்ந்த இரண்டாம் மாதம், கட்டிலில் உட்கார்ந்திருந்த ஒரு முதியவரிடம் டாக்டர் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டார். அவர் கையெடுத்துக் கும்பிட்டு, எங்கள் மொழியில், “நல்லா இருக்கேனுங்க, நல்லா இருக்கேனுங்க” என்றார். அவர்கள் பழக்கம் அது. பெரிய மனிதர் விசாரித்தால் நன்றாக இருக்கிறேன் என்பதுதான் மரியாதை. டாக்டர் வாயு என்று எழுதி வீட்டுக்கு அனுப்பினார். ஐந்து நிமிடத்துக்கு முன்னால் அதே மனிதர், நெஞ்சு எரிகிறது, இடது கை மரத்துப்போகிறது என்று தன் மனைவியிடம் அவர்கள் மொழியில் முனகியதை, கட்டிலுக்கு அடியில் தரை துடைத்துக்கொண்டிருந்த அக்கா கேட்டிருந்தார். கூட்டுகிறவள் டாக்டர் பேச்சில் எப்படி நுழைவது என்று சும்மா இருந்துவிட்டார். மறுநாள் காலையில் அந்த மனிதரைப் பிணமாகக் கொண்டுவந்தார்கள்.

“நான் கொன்னேன்னு சொல்ல மாட்டேன் டீச்சர். ஆனா நான் நின்னுட்டிருந்தேன்” என்று என்னிடம் ஒருமுறை சொன்னார். அதற்குப் பிறகு துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டுப் பேச ஆரம்பித்தவர்தான். திட்டு வாங்கினார், மெமோ வாங்கினார், நிறுத்தவில்லை. பிறகு சட்டம் வந்தது. ஒரு வட்டத்தில் ஒரு மொழியை வீட்டு மொழியாகக் கொண்டவர்கள் ஐயாயிரம் பேர் இருந்தால், அங்குள்ள அரசு மருத்துவமனையில் அந்த மொழிக்கு ஓர் உதவியாளர் இருக்க வேண்டும். எங்கள் வட்டத்தில் அந்தக் கணக்கு மயிரிழையில் தேறியது. பதினான்கு வருடமாகச் செய்துகொண்டிருந்த வேலைக்கு அவருக்கு ஓர் ஆணை கிடைத்தது.

நல்ல சட்டம்தான். ஆனால் அந்த ஐயாயிரத்தை எந்தப் புண்ணியவான் எந்த அறையில் உட்கார்ந்து முடிவு செய்தார் என்று எனக்குத் தெரியவில்லை. ஐயாயிரம் பேர் இருந்தால் அவர்கள் வலி மருத்துவமனைக்குப் புரிய வேண்டும். ஒருவர் குறைந்தால் புரிய வேண்டியதில்லை. எனக்கு இது விளங்கவே இல்லை, என் மூன்றாம் வகுப்புப் பிள்ளைகளுக்கும் விளங்காது.

இனி என் பங்கு. நான் தொடக்கப்பள்ளி ஆசிரியை. மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வந்தால் எங்களைத்தான் பிடிப்பார்கள். காலை முழுக்கப் பாடம், பகல் முழுக்க வெயிலில் வீடு வீடாக. எனக்குக் கிடைத்தது ரயில் பாதைக்கு அந்தப் பக்கம். அதில் அக்காவின் மொழிக்காரர்கள் வீடு அறுபத்து மூன்று. ஒரு வீட்டுக்கு முப்பத்து நான்கு கட்டம். கூரை என்ன, குடிநீர் எங்கிருந்து, யார் யார் என்ன வயது. பத்தாவது கட்டம்: வீட்டில் பேசும் மொழி.

அந்த வீடுகளில் கிடைத்த மரியாதை எனக்கு என் புகுந்த வீட்டில்கூடக் கிடைத்ததில்லை. செருப்பைக் கழற்றும்போதே நாற்காலி வந்துவிடும், மின்விசிறி என் பக்கம் திரும்பிவிடும். நான் உள்ளே நுழைந்த நிமிடத்திலிருந்து எல்லாரும் எங்கள் மொழியில்தான் பேசினார்கள். என்னிடம் மட்டும் இல்லை. கணவன் மனைவியிடம், தாய் மகளிடம், அடுப்படியிலிருந்து கூடத்துக்கு, எல்லாமே எங்கள் மொழி. வந்தவருக்குப் புரியாததை அவர் எதிரில் பேசுவது அவர்களுக்குப் பெரிய அவமரியாதை. முதுகுக்குப் பின்னால் பேசினாலாவது அவருக்குத் தெரியாது, எதிரிலேயே பேசினால் எப்படி என்று நினைப்பவர்கள்.

இது எனக்கு அப்போது தெரியாது. தெரிந்துகொள்ளவும் நான் மெனக்கெடவில்லை. காதில் விழுந்த மொழியைப் பத்தாவது கட்டத்தில் எழுதிக்கொண்டே போனேன். முதல் இரண்டு வீட்டில் கேட்க நினைத்தேன். இவ்வளவு நன்றாகப் பேசுகிறவர்களிடம் போய் இதைக் கேட்பானேன் என்று விட்டேன். மூன்றாவது வீட்டிலிருந்து கை தானாக எழுதியது. அக்காவின் வீட்டில் முக்கால் மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். அவர் ஆஸ்பத்திரியில் என்ன வேலை என்று கேட்டேன். “மொழி உதவியாளர்” என்றார். அதையும் தொழில் கட்டத்தில் அழகாக எழுதினேன். எழுதிய கைக்கு அப்போதாவது உறைத்திருக்க வேண்டும். உறைக்கவில்லை. எனக்கு அடுத்த தெரு நாயைப் பற்றிய கவலை.

இரண்டு வருடம் கழித்து ஒரு மதிய இடைவேளையில் அக்கா எங்கள் பள்ளிக்கு வந்தார். பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு காகிதம் வைத்திருந்தார். புதிய கணக்குப்படி எங்கள் வட்டத்தில் அவருடைய மொழியை வீட்டு மொழியாகக் கொண்டவர்கள் நாலாயிரத்துத் தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பேர். எனவே அந்தப் பணியிடம் மூன்று மாதத்தில் நீக்கப்படுகிறது. அக்காவைத் துணி சலவைப் பிரிவுக்கு மாற்றுவார்கள். அதன்பின் டாக்டர் அறைகளில் அவர் பேசக் கூடாது.

“எண்பத்தெட்டுப் பேர் குறையுதாம் டீச்சர்” என்றார். “எங்க ஜனம் குறையலை. போன தடவையைவிட வீடு கூடியிருக்கு. நான் ஒண்ணு கேக்கணும், தப்பா எடுத்துக்கக் கூடாது. அன்னிக்கு எங்க வீட்டுல என்ன மொழின்னு எழுதினீங்க?”

பக்கத்து மேசையில் தலைமையாசிரியை டிபன் பாக்ஸைத் திறந்துகொண்டிருந்தார். நான் சொன்னேன்: “நீங்க என்ன சொன்னீங்களோ, அதைத்தான் எழுதினேன்.”

வேலை போய்விடுமோ, மெமோ வருமோ, ஓய்வு பெற ஆறு வருடம் இருக்கும்போது இது என்ன வம்பு என்ற பயம்தான். வேறு பெயர் வைக்க ஒன்றுமில்லை. பச்சைப் பொய்.

அக்கா என்னை ஒரு கணம்கூடச் சந்தேகப்படவில்லை. “அப்படித்தான் இருக்கும்” என்றார் மெதுவாக. “நான்தான் ஏதோ நினைப்புல மாத்திச் சொல்லிட்டேன் போல.” நன்றி வேறு சொல்லிவிட்டுப் போனார். அன்று மத்தியானம் நான் நடத்திய பாடம் என்னவென்று எனக்கு ஞாபகம் இல்லை.

எட்டாம் நாள் திரும்ப வந்தார். முகம் ஒடுங்கியிருந்தது. கணக்கெடுப்பு அலுவலகத்தில் ஒரு வழி சொல்லியிருந்தார்கள். தவறான தகவல் கொடுத்துவிட்டேன் என்று வீட்டுக்காரர் எழுதிக் கொடுத்தால் மறுசரிபார்ப்புக்குப் பரிசீலிப்பார்கள். அக்கா தெருவில் எல்லாரையும் கேட்டுப் பார்த்தார். யாருக்கும் தாங்கள் என்ன சொன்னோம் என்றே நினைவில்லை; பொய் சொன்னேன் என்று அரசாங்கத்துக்கு எழுதிக் கொடுக்க யாருக்கும் தைரியமும் இல்லை. அக்கா மட்டும் எழுதினார். அதை ஆஸ்பத்திரி கண்காணிப்பாளர் படித்துவிட்டு, சொந்த மொழியையே மாற்றிச் சொன்னவர் நோயாளி சொல்வதை எப்படிச் சரியாகச் சொல்லியிருப்பார் என்று கேட்டாராம்.

“அவர் கேட்டது நியாயம்தான் டீச்சர். எட்டு நாளா அதையேதான் நானும் யோசிக்கிறேன். வேற எங்கெல்லாம் மாத்திச் சொன்னேனோ. எந்த மருந்தை, எந்த ஆளுக்கு…” காகிதத்தை என் முன்னால் வைத்தார். “கீழ நீங்க ஒரு கையெழுத்துப் போடணுமாம். அந்தத் தப்பான தகவலை நான்தான் உங்களுக்குக் குடுத்தேன்னு.”

பேனாவைத் திறந்தேன். அந்தக் காகிதத்தில் அவருடைய கையெழுத்து எழுத்து எழுத்தாக, தெளிவாக இருந்தது. இருபத்தைந்து வருடத்துக்கு மேலாக அடுத்தவர் வார்த்தையில் ஒன்றைக்கூட மாற்றாத மனுஷி, தான் சொல்லாத பொய்யைச் சொன்னேன் என்று எழுதியிருந்தார். பேனாவை மூடினேன். தலைமையாசிரியை இருந்தாரா இல்லையா என்று பார்க்கக்கூட இல்லை.

“அக்கா, நான் கேக்கவே இல்லை” என்றேன். “உங்க வீட்டுல மட்டும் இல்லை, யார் வீட்டுலயும் கேக்கலை. நானா எழுதினேன். போன வாரம் உங்ககிட்ட பொய் சொன்னேன்.”

என்னை அறைந்திருந்தால் வாங்கியிருப்பேன். அவர் கேட்டது இவ்வளவுதான்:

“கேக்கவே இல்லையா?”

“இல்லை.”

“அப்போ நான் மாத்திச் சொல்லலை.”

“இல்லைக்கா.”

சின்ன நாற்காலியில், மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் உட்காருவதில், தொப்பென்று உட்கார்ந்தார். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். வேலை போவதற்கு அழாதவர் அப்போது அழுதார். நிம்மதியில் அழுதார். நான் பக்கத்தில் நின்றேன். தொட்டு ஆறுதல் சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருந்தது?

கொஞ்ச நேரம் கழித்து முகத்தைத் துடைத்துக்கொண்டு, “இதை எழுதித் தருவீங்களா?” என்றார். எழுதிக் கொடுத்தேன். அறுபத்து மூன்று வீட்டிலும் கேட்காமலே நிரப்பினேன் என்று, தேதி போட்டு. அதைப் பிளாஸ்டிக் உறைக்குள் வைத்துக்கொண்டு எழுந்தவர் வாசலில் நின்றார்.

“நீங்க கேக்கலை, சரி. ஆனா முக்கால் மணி நேரம் எங்க வீட்டுல இருந்தீங்களே. எங்க பேச்சு ஒண்ணுகூட உங்க காதுல விழலையே டீச்சர்” என்றார். என்னிடம் சொன்ன மாதிரி இல்லை, தனக்கே சொல்லிக்கொண்ட மாதிரி இருந்தது.

எனக்கு மெமோ வந்தது. பணிப் பதிவேட்டில் சிவப்பு மையில் ஒரு குறிப்பு ஏறியது. இனி எந்தக் கணக்கெடுப்புக்கும் என்னை அழைக்கக் கூடாது என்று உத்தரவும் போட்டார்கள். அதைத் தண்டனை என்று நினைத்துப் போட்டார்கள், பாவம். எங்கள் பள்ளியில் நான்கு பேர் அதற்கு என்ன செய்ய வேண்டும் என்று என்னிடம் ரகசியமாக விசாரித்தார்கள்.

மறுசரிபார்ப்புக்கு ஒரே ஒரு நாள் கொடுத்தார்கள். இளம் அதிகாரி ஒருவர் வந்தார். நல்ல பிள்ளை, பணிவானவர். அவர் கையில் இருந்த விதிமுறைதான் வேறு மாதிரி. இப்போது ஒரு பணியிடம் இதில் தொங்குவதால், வாயால் சொன்னால் மட்டும் போதாது. வீட்டார் அந்த மொழியில் இயல்பாகப் பேசுவதை இரண்டு நிமிடம் செல்போனில் பதிவு செய்ய வேண்டும். அந்தப் பதவியில் இருப்பவர் தன் வீட்டில் மட்டும்தான் இருக்கலாம், மற்ற வீடுகளுக்கு வரக் கூடாது. பிழை செய்தவள் என்ற முறையில் படிவத்தைச் சுமந்துகொண்டு நான் கூடப் போக வேண்டும். எண்பத்தெட்டுப் பேர் தேற வேண்டும். அறுபத்து மூன்று வீட்டில் முன்னூறு பேருக்குக் கிட்ட இருக்கிறார்கள், மத்தியானத்துக்குள் முடிந்துவிடும் என்று நினைத்துக்கொண்டு போனேன்.

முதல் வீட்டில் நாற்காலி வந்தது. மின்விசிறி திரும்பியது. அதிகாரி செல்போனை முக்காலியில் வைத்து, “உங்களுக்குள்ள சும்மா பேசுங்க” என்றார். வீட்டுக்காரர் சிரித்தார். மனைவியைப் பார்த்தார். மனைவி தரையைப் பார்த்தார்.

“என்ன பேசணுங்க?” என்றார் எங்கள் மொழியில்.

“எது வேணும்னாலும். உங்க மொழியில.”

“பேசலாங்க. நீங்க போனதுக்கு அப்புறம் பேசிக்கிறோம்.”

வேடிக்கைக்குச் சொல்லவில்லை. அவரால் முடியவில்லை. ஒரு விருந்தாளியை நாற்காலியில் உட்காரவைத்துவிட்டு, அவருக்குப் புரியாததை அவர் முகத்துக்கு நேரே பேசுவது எப்படி என்று அவருக்குத் தெரியவில்லை. அடுத்த வீட்டிலும் அதுதான். அதற்கடுத்த வீட்டில் ஒரு பெண் வாயைத் திறந்தார், இரண்டு சொல் வந்தது, கூச்சத்தில் எங்கள் மொழிக்குத் தாவிவிட்டார். தங்களுக்காக ஆஸ்பத்திரியில் பேசும் ஒருத்தியின் வேலை இதில் இருக்கிறது என்று எல்லாருக்கும் தெரியும். தெரிந்தும் நாக்கு எழவில்லை. மத்தியானம் வரை இருபத்திரண்டு வீடு. தேறியது ஒன்றே ஒன்று: நாங்கள் வந்ததைக் கவனிக்காமல் உள்ளறையில் ஒரு தாய் பிள்ளையை அதட்டிக்கொண்டிருந்த வீடு. ஐந்து பேர்.

அதிகாரி என்னைத் தனியாக அழைத்து, “இப்படியே போனா ‘உறுதி செய்ய முடியவில்லை’ன்னுதான் எழுத முடியும் டீச்சர்” என்றார். அவர் குரலில் வருத்தம் இருந்தது. எனக்குத் தெருவில் நின்று கத்த வேண்டும் போல இருந்தது.

இருபத்து மூன்றாவது வீடு அக்காவினுடையது. கணவரும் மகளும் இருந்தார்கள். விஷயம் எங்களுக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது. அக்கா தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். அதிகாரி செல்போனை வைத்தார். கணவர் வழக்கம்போல எங்கள் மொழியில், “சாப்பிட்டீங்களா சார்?” என்று ஆரம்பித்தார்.

அக்கா அவர் பக்கம் திரும்பினார். எங்களுக்கு முதுகு தெரிய உட்கார்ந்துகொண்டு, தன் மொழியில் பேசினார். குரலை உயர்த்தவில்லை. இரண்டு நிமிடம், மூன்று நிமிடம், நிறுத்தாமல் பேசினார். எனக்கு ஒரு சொல்லும் புரியவில்லை. கணவரின் தலை மெல்லக் கவிழ்ந்தது. மகள் எழுந்து சுவரோரம் போய் நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பேச்சு நின்றபோது கணவர் ஒரே வாக்கியத்தில், அவர்கள் மொழியிலேயே பதில் சொன்னார். செருப்பை மாட்டிக்கொண்டு, எங்களிடம் சொல்லிக்கொள்ளாமல் தெருவில் இறங்கினார். வந்தவர்களிடம் சொல்லிக்கொள்ளாமல் அவர் போனதை அந்தத் தெருவில் அன்றுதான் பார்த்திருப்பார்கள்.

அதிகாரி செல்போனை எடுத்துக்கொண்டு, ஆர்வத்தோடு கேட்டார். “என்னம்மா சொன்னீங்க?”

அக்கா அவரைப் பார்த்தார். எத்தனையோ ஆயிரம் தடவை இந்தக் கேள்விக்குப் பதில் சொன்னவர்.

“அது அவருக்குச் சொன்னதுங்க” என்றார்.

அக்காவின் கணவர் எத்தனை வீடு ஏறினார், என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. அதிகாரி அந்த நேரம் முழுவதும் சாவகாசமாக இரண்டாவது டம்ளர் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். அதற்காக அவர் நன்றாக இருக்க வேண்டும். நாங்கள் மறுபடி இறங்கியபோது வீடுகள் பேசின. இயல்பாக என்று சொல்ல மாட்டேன். தண்ணீர்த் தொட்டி, மகளின் பஸ் பாஸ், ஒழுகுகிற கூரை என்று ஏதேதோ, எங்கள் முகத்தைப் பார்க்காமல், காது சிவக்கப் பேசினார்கள். முதல் வீட்டுக்காரர் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டு பேசினார். ஒரு பெண்மணி பேசி முடித்ததும் உள்ளே ஓடிவிட்டார். ஒவ்வொரு வீட்டு எண்ணிக்கையாக எழுதிக்கொண்டே வந்தேன். எண்பத்து நான்கில் இஸ்திரிக் கடைக்காரர் வீட்டுக்கு வந்து சேர்ந்தோம்.

எழுபது வயது மனிதர். அவர், மனைவி, மகன், மருமகள், ஒரு பேத்தி என்று ஐந்து பேர். மேசைமேல் பாதி மடித்த சட்டை இருந்தது. அதை மடித்தபடியே மனைவியிடம் அவர் பேச ஆரம்பித்தார். மனைவி பதில் சொன்னார். நடுவில் என்னவோ ஒன்று பழைய சண்டை போல, இருவரும் எங்களை மறந்துவிட்டார்கள். மருமகள் குறுக்கே பேசி, அதற்கு மாமனார் ஏதோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள். அந்த நாள் முழுவதிலும் நான் கேட்ட ஒரே இயல்பான பேச்சு அதுதான். எவ்வளவு அழகாக இருந்தது! இரண்டு வருடத்துக்கு முன்னால் இதே வீட்டில் இதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன்.

அதிகாரி செல்போனை அணைத்தார். அந்தச் சின்னச் சத்தத்தில் பெரியவருக்கு நினைவு வந்துவிட்டது. சட்டையைக் கீழே வைத்தார். எழுந்து எங்கள் முன்னால் வந்து கைகூப்பினார். எங்கள் மொழியில், பிழையில்லாமல் சொன்னார்:

“மன்னிச்சிடுங்க. உங்க முன்னாடியே பேசிட்டோம்.”

“அதனால என்னங்க, பரவாயில்லை” என்றார் அதிகாரி.

அவரும் மரியாதையாகத்தான் சொன்னார். பெரியவர் முகம் தெளிந்தது, மன்னிப்புக் கிடைத்துவிட்டது. நான் பத்தாவது கட்டத்தில் அவர்கள் மொழியை எழுதினேன். எண்பத்தொன்பது. அக்காவின் வேலை தப்பியது. அதற்குப் பிறகும் பெரியவர் கூப்பிய கையை இறக்கவில்லை. அவரிடம் நான் சொல்ல வேண்டியது ஒன்று இருந்தது, அதை அவருடைய மொழியில் சொல்ல எனக்கு ஒரு வார்த்தைகூடத் தெரியவில்லை.